அழுகை அடங்குமுன் அடுத்த எபிசோடு: இந்தி இணையத் தொடர்களில் ரசம் எங்கே நிற்கிறது?

1. தென்னங்கீற்று (இழையைத் தொடங்கியவர்)

முன்குறிப்பு: 'பஞ்சாயத்', 'பாதாள் லோக்', 'டெல்லி கிரைம்' ஆகிய தொடர்களின் முக்கியத் திருப்பங்கள் இங்கே வெளிப்படையாகப் பேசப்படும். பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வரவும்.

இரண்டு வாரங்களுக்கு முன், ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலையில், அம்மாவுடன் உட்கார்ந்து 'பஞ்சாயத்' இரண்டாம் சீசனின் கடைசி எபிசோடைப் பார்த்தேன். அம்மாவுக்கு இந்தி தெரியாது. சப்டைட்டில் ஓடும் வேகத்துக்கு அவர் கண் ஈடுகொடுப்பதில்லை என்பதால் இடையிடையே நான் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தேன். உப-பிரதான் (துணை ஊராட்சித் தலைவர்) பிரஹ்லாதின் மகன், இராணுவத்தில் இருந்த பிள்ளை, உயிரிழந்த செய்தி ஃபுலேரா கிராமத்துக்கு வந்து சேர்ந்த பிறகு நான் எதையும் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய தேவையும் இருக்கவில்லை. அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதார். பெயர்கள் ஓடத் தொடங்கிய சில நொடிகளிலேயே படம் சுருங்கி ஒரு மூலைக்குப் போய்விட்டது. அந்த இடத்தில் வேறொரு தொடரின் முன்னோட்டம், துப்பாக்கிச் சத்தத்துடன், நொடிகளை எண்ணியபடி வந்து நின்றது. நான் ரிமோட்டைத் தேடி எடுத்து அதை நிறுத்துவதற்குள் அம்மா எழுந்து சமையலறைக்குப் போய்விட்டார்.

அன்றிலிருந்து மனத்தில் இருப்பதை இங்கே வைக்கிறேன். நவரசங்களையும் ஓடிடி தொடர்களையும் சேர்த்து எழுதப்படுகிறவற்றில் நான் படித்தவை பெரும்பாலும் பெயர் ஒட்டும் வேலையோடு நின்றுவிடுகின்றன: 'மிர்சாபூர்' ரௌத்திரம் (கோபம்), 'பஞ்சாயத்' ஹாஸ்யம் (நகை), 'டெல்லி கிரைம்' பயானகம் (அச்சம்) என்று. இந்தப் பெயர்களால் தொடரைப் பற்றியும் புதிதாக எதுவும் தெரிவதில்லை, கொள்கையைப் பற்றியும் தெரிவதில்லை. பரதரின் நாட்டிய சாஸ்திரம் 6ஆம் அத்தியாயத்தில் ரசத்தையும் (பார்ப்பவர் அடையும் சுவை) 7ஆம் அத்தியாயத்தில் பாவத்தையும் (அதை எழுப்பும் உணர்ச்சி நிலை) விளக்கும்போது, நிலைத்து நிற்கும் ஸ்தாயி பாவங்கள் 8, வந்துபோகும் வியபிசாரி பாவங்கள் 33, உடலில் தாமாகத் தோன்றும் சாத்விக பாவங்கள் 8, ஆக 49 என்று கணக்கிடுகிறது. இந்தக் கணக்கில் என்னைக் கவர்வது எண்ணிக்கை அன்று. வீட்டில் குடியிருப்பவர் யார், வந்து தண்ணீர் குடித்துவிட்டுப் போகிறவர் யார் என்று அது பிரித்துப் பார்க்கிறதே, அதுதான். ஆகவே என் பார்வையில் ரசக் கொள்கை முதலாவதாகக் கால அளவு பற்றிய கொள்கை. ஓர் உணர்ச்சி எவ்வளவு நேரம் தங்க வேண்டும், அது பழுப்பதற்கு என்னென்ன உடன் வர வேண்டும் என்பதே அதன் கேள்வி.

9ஆம் நூற்றாண்டில் காஷ்மீரத்தில் வாழ்ந்த ஆனந்தவர்த்தனர், த்வன்யாலோகத்தின் மூன்றாம் பகுதியில், ரசத்துக்கு எதிரானவை எவை என்று எடுத்துரைக்கிறார். அவற்றுள் இரண்டைப் படித்தபோது நிமிர்ந்து உட்கார்ந்தேன். ஒன்று, உரிய இடமல்லாத இடத்தில் ரசத்தை அறுத்துவிடுவது. மற்றொன்று, ஏற்கெனவே நிறைவுபெற்றுவிட்ட ரசத்தைத் திரும்பத் திரும்பத் தூண்டிக்கொண்டிருப்பது; அப்படிச் செய்தால் அது பலமுறை கையாளப்பட்ட பூவைப் போல் வாடிவிடும் என்கிறார். முதலாவது எபிசோடின் முடிவைப் பற்றியது, இரண்டாவது சீசன் மேல் சீசனாக நீளும் வழக்கத்தைப் பற்றியது என்று நான் படிப்பது மிகையா? இங்கே நாட்டியம் கற்றவர்களும் தொழிலில் இருப்பவர்களும் இருக்கிறீர்கள். உங்கள் கருத்தை அறிய விரும்புகிறேன்.

2. தட்டுக்கழி

மிகை அன்று என்பதே என் எண்ணம். இருபது ஆண்டுகளாகப் பரதநாட்டிய மாணவிகளுக்கு அபினயம் சொல்லிக்கொடுப்பவள் என்ற முறையில் சிலவற்றைச் சேர்க்கிறேன்.

பரதநாட்டியத்தின் நீண்ட உருப்படியான வர்ணத்தில் ஒரே வரியைப் பலமுறை பாடுவார்கள். ஒவ்வொரு முறையும் ஆடுபவள் வேறொரு சஞ்சாரியை, அதாவது வந்துபோகும் பாவத்தை, காட்டுவாள்: ஒருமுறை நினைவு, ஒருமுறை ஐயம், ஒருமுறை கோபம், ஒருமுறை சோர்வு. எத்தனை சஞ்சாரி வந்தாலும் அடியில் இருக்கும் ரதி (காதல்) என்ற ஸ்தாயி கலையக் கூடாது. கலைந்தால் அது வெறும் முகபாவங்களின் அணிவகுப்பாகிவிடும். 'பஞ்சாயத்' மூன்றாம் சீசனில் ஃபைசல் மாலிக் ஏற்றிருக்கும் பிரஹ்லாதைப் பார்த்தபோது எனக்கு வர்ணம்தான் நினைவுக்கு வந்தது. குடிபோதை, அதாவது மதம்; உடல் தளர்ந்த கிலானி; எதிலும் பிடிப்பற்ற நிர்வேதம்; மகனை எண்ணும் ஸ்மிருதி; அசையாமல் உட்கார்ந்துவிடும் ஜடதை. இவை அனைத்தும் பரதர் சொல்லும் 33இல் உள்ளவை, அனைத்தும் ஒரே சோகத்தின் மேல் வந்துபோகின்றன. காலத்துக்கு முன்னால் யாரும் போகமாட்டார்கள் என்று பொருள்படும் ஒரு சிறு வாக்கியத்தை அவர் அந்தச் சீசனில் சொல்லுகிறார். அந்த வாக்கியத்தில் மகனின் பெயர் இல்லை, கண்ணீர் இல்லை. குரல் மட்டும் சற்றே உடைகிறது. அது ஸ்வரபேதம் என்ற சாத்விக பாவம்.

சாத்விக பாவத்தைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். வியர்த்தல், மயிர்க்கூச்செறிதல், நிறம் மாறுதல் ஆகியவற்றை மேடையில் பத்தாவது வரிசைக்குக் கொண்டுபோய்ச் சேர்ப்பது எளிதன்று. கேமரா அந்தச் சிரமத்தைப் போக்கிவிட்டது. ஆனால் அதனாலேயே நடிகர்கள் கண்ணீரை மட்டும் நம்பத் தொடங்கிவிட்டார்கள். என் வகுப்பில் ஒரு சிறுமி அழுகைக் காட்சிக்குக் கண்ணைக் கசக்கிக்கொண்டே இருந்தாள். நான் அவளிடம், "கண்ணை விட்டுவிடம்மா. மூச்சை உள்ளே இழுத்து, வெளியே விடாமல், அந்த ஒரு சொல்லை மட்டும் சொல்லிப் பார்" என்றேன். சொல் பாதியில் நின்றுவிட்டது. அவளே திடுக்கிட்டுப் போனாள். எதிரே உட்கார்ந்திருந்த அவளுடைய பாட்டிக்குக் கண் கலங்கியது. இதை மாலிக் நன்றாக அறிந்திருக்கிறார்.

தென்னங்கீற்று அவர்களுக்கு ஓர் இடையூறான கேள்வியையும் வைக்கிறேன். 14ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த விசுவநாதரின் சாகித்திய தர்ப்பணம், ஹாஸ்யத்துக்குப் பகையான ரசங்கள் பயானகமும் கருணமும் (அவலச் சுவை) என்கிறது. அப்படியானால் இரண்டு சீசன் முழுவதும் புன்னகைக்க வைத்த ஒரு தொடர், கடைசி அரைமணி நேரத்தில் பிணத்தைக் கொண்டுவந்து இறக்குவது கொள்கைப்படி குற்றம் ஆகாதா? ஆனால் உங்கள் அம்மாவுக்கு அது குற்றமாகத் தோன்றவில்லை, எனக்கும் தோன்றவில்லை.

3. வெட்டுமேசை

நான் படத்தொகுப்பாளன். மும்பையில் சில ஆண்டுகள் இந்தித் தொடர்களில் பணியாற்றினேன். எபிசோடின் முடிவைப் பற்றிய பேச்சு என்பதால் எழுதாமல் இருக்க முடியவில்லை.

நான் வேலை பார்த்த ஒரு நிறுவனத்தில், ஒவ்வொரு எபிசோடின் கடைசி நிமிடத்திலும் விடை தெரியாத ஒரு கேள்வி இருந்தே ஆக வேண்டும் என்பது எழுதப்படாத சட்டம். மகளை இழந்த ஒரு தாய் வாசற்படியில் உட்கார்ந்திருக்கும் ஷாட் ஒன்று என்னிடம் வந்தது. 40 நொடி. அவர் எதுவும் செய்யவில்லை. சேலையின் ஓரத்தில் ஒட்டியிருந்த ஈர மண்ணை நகத்தால் சுரண்டிக்கொண்டே இருந்தார். அதை 11 நொடியாகக் குறைத்து, உடனே ஒரு தொலைபேசி மணி ஒலிப்பதாகவும், யாரோ ஒருவரின் முகம் அதிர்வதாகவும் முடிக்கச் சொன்னார்கள். நான் முடித்துக்கொடுத்தேன். அந்த 29 நொடிகள் இன்றுவரை என்னை விடவில்லை.

ஆனால் எபிசோடு முடிவில் கதையை நிறுத்துவது எல்லாமே ஆனந்தவர்த்தனர் கண்டிக்கும் அறுத்தல் என்று சொல்லிவிட முடியாது. நாடகத்திலும் அங்கங்கள் இருந்தன, இடைவெளி இருந்தது. தனஞ்சயரின் நாடக இலக்கண நூலான தசரூபகம் 'பிந்து' (துளி) என்று ஒன்றைச் சொல்கிறது: இடையிலே வரும் செயல்களால் கதை துண்டுபடும் இடத்தில், துண்டுபடாமல் காப்பது எதுவோ அது பிந்து. தண்ணீரில் விழுந்த எண்ணெய்த் துளியைப் போல் அது பரவிக்கொண்டே இருக்கும் என்று உரைகாரர் விளக்குவார். நல்ல எபிசோடு முடிவு ஒரு பிந்து. அங்கே செய்தி நின்றுபோகும், உணர்ச்சி தொடரும். மோசமான முடிவில் இது தலைகீழாகிவிடும்: உணர்ச்சி அறுந்துவிடும், செய்தி மட்டும் தொடரும். அடுத்தது என்ன என்ற ஆவல், பரதரின் பட்டியலில் ஔத்சுக்கியம் என்ற வெறும் வந்துபோகும் பாவம். அதை ஸ்தாயியின் பீடத்தில் ஏற்றி உட்கார வைத்ததுதான் இன்றைய தொடர்களில் பலவற்றின் நோய் என்று நான் கருதுகிறேன். ஆவலுக்குப் பசி தீருமே தவிர, நாவில் சுவை நிற்காது.

பகை ரசம் பற்றிய கேள்விக்கு, த்வன்யாலோகமே வழி சொல்கிறதல்லவா? பகையான இரண்டு ரசங்களுக்கு நடுவே, இரண்டுக்கும் பகையில்லாத மூன்றாவது ஒன்றை வைத்துவிட்டால் மோதல் தணியும் என்கிறது. பிரஹ்லாதின் மகன் இராணுவ வீரன். ஃபுலேராவின் சிரிப்புக்கும் அந்த மரணத்துக்கும் நடுவே சீருடையும் மரியாதையும் ஊர்வலமும் நிற்கின்றன; வீர ரசம் பாலமாகிறது. அதே பிள்ளை சாலை விபத்தில் இறந்ததாகக் கதை இருந்திருந்தால், நாம் ஏமாற்றப்பட்டதாக உணர்ந்திருப்போம் என்பது என் ஊகம்.

4. கேள்விக்குறி

எல்லோரும் ஆழமாக எழுதுகிறீர்கள், மறுப்பதற்கு மன்னிக்கவும். இந்தத் தொடர்களை எழுதுகிறவர்கள் வெளிநாட்டுத் தொடர்களைப் பார்த்து, திரைக்கதைக் கையேடுகளைப் படித்து வளர்ந்தவர்கள். அவர்கள் பரதரைப் படித்து எழுதவில்லை. 'சேக்ரட் கேம்ஸ்' முதல் சீசனின் எபிசோடுகளுக்கு அசுவத்தாமா, ஹாலாஹலா, ஆதாபி வாதாபி, யயாதி என்றெல்லாம் பெயர் வைத்தார்கள். பெயர் வைத்துவிட்டதால் அது இந்திய அழகியல் ஆகிவிடுமா? இன்னொன்று: 'ஸ்காம் 1992' தொடரின் பத்து எபிசோடுகளிலும் ஹர்ஷத் மேத்தாவின் எழுச்சியைப் பார்த்து நாம் எல்லோரும் உற்சாகம் கொண்டோம். உற்சாகம் வீரத்தின் ஸ்தாயி என்றால், பங்குச்சந்தை மோசடியில் ஈடுபட்டவர் வீர ரசத்தின் நாயகரா?

5. தென்னங்கீற்று

நண்பர் கேள்விக்குறியின் மறுப்பு முற்றிலும் நியாயமானது. இரண்டு விடைகள் சொல்கிறேன்.

புராணப் பெயரைச் சூட்டினால் ரசம் வந்துவிடாது என்பதில் எனக்கும் மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் 'சேக்ரட் கேம்ஸ்' விஷயத்தில் ஒரு செய்தி உண்டு. அதன் மூலமான நாவலை 2006இல் வெளியிட்ட விக்ரம் சந்திரா, பின்னர் எழுதிய 'கீக் சப்லைம்' என்ற நூலில், கணினி நிரல் எழுதுவதையும், ஆனந்தவர்த்தனர், நாட்டிய சாஸ்திரத்துக்கு உரை எழுதிய அபினவகுப்தர் ஆகியோரின் த்வனி (குறிப்புப் பொருள்), ரசக் கொள்கைகளையும் அருகருகே வைத்து விரிவாகப் பேசுகிறார். தொடரின் திரைக்கதையை எழுதியவர்கள் வேறு. ஆகவே இதை ஓர் ஆதாரமாக வைக்கவில்லை. மூலத்தை எழுதியவரின் கையருகில் அந்த ஏடுகள் இருந்தன என்று மட்டும் சொல்கிறேன். நிழலுலகத் தலைவன் கணேஷ் கைதொண்டே முதல் எபிசோடிலேயே இறந்துவிடுகிறான். அதன் பிறகு அவனுடைய எழுச்சியை அவன் குரலிலேயே கேட்கிறோம். முடிவு முன்பே தெரிந்துவிட்டதால் அவனுடைய ஆணவத்தின் மேல் ஒரு நிழல் விழுந்துகொண்டே இருக்கிறது. சீசன் ஒன்றின் வலிமை எனக்கு அந்த நிழலில்தான் இருக்கிறது.

இரண்டாவது, எழுதியவர் படித்தாரா என்பது இந்தக் கொள்கைக்கு அவ்வளவு முக்கியம் இல்லை. பட்ட நாயகரும், அவரை மறுத்தும் ஏற்றும் எழுதிய அபினவகுப்தரும், ரசம் பார்வையாளரிடத்தில் நிகழ்வது என்று நிலைநாட்டினார்கள். என் அம்மா பரதரைப் படித்தவர் அல்லர்; ஆனால் பிரஹ்லாதின் துயரம் பிரஹ்லாதுடையதாகவும் இல்லாமல், தம்முடையதாகவும் இல்லாமல், எந்தப் பெற்றோருக்கும் உரிய பொதுத் துயரமாக அவருக்குள் மாறியது. சாதாரணீகரணம் என்று பட்ட நாயகர் சொன்னது அதைத்தான்.

ஹர்ஷத் மேத்தாவைப் பொறுத்தவரை, தகுதியில்லாத இடத்தில் எழும் ரசத்துக்கு ரசாபாசம், அதாவது ரசத்தின் போலித் தோற்றம், என்று முன்னோர் பெயரிட்டிருக்கிறார்கள். போலி என்பதால் அது சுவைக்காது என்று பொருள் இல்லை; சுவைத்த பிறகு நாக்கு உறுத்தும். அந்தத் தொடரின் இயக்குநர் ஹன்சல் மேத்தா அந்த உறுத்தலை வேண்டுமென்றே விட்டுவைத்திருக்கிறார் என்று நினைக்கிறேன். 'மிர்சாபூர்' விஷயத்தில் எனக்கு அந்த நம்பிக்கை இல்லை. ரௌத்திரத்தின் செயலே கருணமாக விளையும் என்பார் பரதர். முதல் சீசனின் முடிவில், திருமண வீட்டில் பப்லுவும் ஸ்வீட்டியும் கொல்லப்படும்போது அந்த விளைவு உண்மையாகவே நேர்ந்தது. அதற்குப் பின் வந்தவற்றில் குருதி பெருகியது. என்னுள் அருவருப்பு மரத்துப்போனது.

6. யமுனைக்கரை

இந்தத் தளத்தில் நான் அதிகம் எழுதுவதில்லை. 'டெல்லி கிரைம்' பயானகம் என்று ஒட்டப்படுவதாகத் தொடக்கத்தில் படித்ததால் எழுதுகிறேன்.

2012 டிசம்பரில் நான் தெற்கு டெல்லியில் வாடகை அறையில் தங்கி வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். 16ஆம் தேதி இரவு ஓடும் பேருந்தில் ஓர் இளம்பெண்ணுக்கு நடந்த கூட்டு வன்கொடுமை மறுநாள் தெரிந்த பிறகு, மாலை ஆறு மணிக்கே அறைக்குத் திரும்பிவிடுவேன். கைப்பையில் மிளகாய்ப் பொடியைத் தாளில் மடித்து வைத்திருந்தேன். அது கசிந்து சம்பளச் சீட்டெல்லாம் சிவந்து போயிருந்தது. பேருந்து நின்றால், உள்ளே எத்தனை பெண்கள் இருக்கிறார்கள் என்று எண்ணிய பிறகே ஏறுவேன். அந்த வழக்கைக் கதையாகக் கொண்ட இந்தத் தொடர் 2019 மார்ச்சில் வெளிவந்தபோது முதல் எபிசோடை மூன்று முறை தொடங்கி மூன்று முறையும் நிறுத்தினேன். எனக்குள் வந்தது ரசம் அன்று. அது பயம், கைப்பையைத் தேடும் பயம். அபினவகுப்தர் ரசத்துக்குத் தடைகளாக ஏழைச் சொல்கிறார் என்றும், காண்பதைத் தன்னுடைய இடத்தோடும் காலத்தோடும் பிணைத்துக்கொள்வது அவற்றுள் ஒன்று என்றும் பின்னாளில் படித்தபோது, என் நிலைக்கு ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே ஒருவர் பெயர் வைத்திருக்கிறார் என்ற ஆறுதல் கிடைத்தது.

நான்கு ஆண்டுகள் கழித்து, ஊருக்குத் திரும்பி வந்த பிறகு, ஏழு எபிசோடுகளையும் பார்த்தேன். அப்போதுதான் ஒன்றைக் கவனித்தேன். அந்தக் கொடுமையைத் தொடர் காட்டவே இல்லை. அது சொற்களால் மட்டுமே நம்மிடம் வருகிறது. கேட்கும் காவல்துறையினரின் முகங்கள் வழியாக வருகிறது. ஷெஃபாலி ஷா ஏற்ற வர்த்திகா சதுர்வேதியின் கண்கள் ஒரு கணம் எதிரில் இருப்பதைப் பார்க்காமல் உள்ளே திரும்பிவிடும். போர், மரணம், நகர முற்றுகை போன்றவற்றை நேரே காட்டாமல் பிரவேசகத்தின் (அங்கங்களுக்கு இடையே வரும் அறிவிப்புக் காட்சி) வழியாகத் தெரிவிக்க வேண்டும் என்று நாட்டிய சாஸ்திரம் விதித்ததை நாசூக்கு என்றும் மூடிமறைப்பு என்றும் சொல்பவர்கள் உண்டு. எனக்கு அது கருணை என்றே படுகிறது. காட்டியிருந்தால் நான் நான்காவது முறையும் நிறுத்தியிருப்பேன், இனி எப்போதும் பார்த்திருக்க மாட்டேன். இரண்டாம் முறை பார்த்தபோது எனக்குள் தங்கியது பயம் இல்லை. உறங்காமல், வீட்டுக்குப் போகாமல் ஒரு குழு தேடிக்கொண்டே இருந்த அந்த உற்சாகம், வீரத்தின் ஸ்தாயி. காவல்துறையை இவ்வளவு உயர்த்திக் காட்டியது சரியா என்ற கேள்வி எனக்கு உண்டு. ஆனால் ரசம் எது என்பதில் ஐயம் இல்லை.

7. ஏட்டுச்சுவடி

யமுனைக்கரை அம்மா எழுதியதை இரண்டு முறை படித்தேன். அவர் எழுதியதற்கு நன்றி.

நான் கல்லூரியில் தொல்காப்பியம் கற்பித்து ஓய்வுபெற்றவன். இந்தித் தொடர்களை என் பேரன் வழியாகவே அறிந்தேன். இந்த இழையில் எல்லோரும் வடமொழி நூல்களையே துணைக்கு அழைக்கிறீர்கள். அதில் குறை காணவில்லை. ஆனால் நாட்டிய சாஸ்திரத்தில் ஒரு தடை இருக்கிறது, அதைச் சொல்ல வேண்டும். ஹாஸ்யம் பெரும்பாலும் பெண்களிடமும் தாழ்ந்த இயல்புடையோரிடமும் காணப்படும் என்று 6ஆம் அத்தியாயம் சொல்கிறது. வீரமோ உயர்ந்த இயல்புடையோருக்கு உரியதாக வகுக்கப்படுகிறது. இந்தத் தராசைக் கொண்டு 2020இல் வெளிவந்த 'பாதாள் லோக்' தொடரை எப்படி நிறுப்பது? அதன் நாயகன் ஹாத்திராம் சௌத்ரி, யமுனைக்கு அப்பால் உள்ள, யாரும் விரும்பிப் போகாத ஒரு காவல் நிலையத்தில் பதவி உயர்வின்றிக் கிடக்கும் ஆய்வாளர். வீட்டில் மகன் மதிப்பதில்லை, மேலதிகாரி மதிப்பதில்லை. ஜெய்தீப் அஹ்லாவத் அந்த மனிதரின் தோள்களைச் சற்றே முன்னால் தொங்கவிட்டு நடக்கிறார்; அவமானம் பழகிப்போன உடல் அது.

தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியலும் எட்டையே சொல்கிறது: நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகை. அடுத்து ஒவ்வொன்றும் எந்த நான்கிலிருந்து பிறக்கும் என்று சொல்கிறது. அழுகை பிறக்கும் இடங்கள் இளிவு, இழவு, அசைவு, வறுமை. நன்றாகக் கவனியுங்கள்: பரதர் கருணத்துக்குச் சாபம், பிரிவு, செல்வ இழப்பு, கொலை, சிறை என்று காரணங்களைச் சொல்லிச் செல்கிறார். செல்வத்தை இழப்பதற்கு முதலில் செல்வம் இருந்திருக்க வேண்டும். தொல்காப்பியர் வறுமையையே, பிறர் இழித்துரைக்கும் இளிவையே, அழுகையின் பிறப்பிடமாக முதலிலும் கடைசியிலும் வைக்கிறார். 'பாதாள் லோக்' எந்தப் பெயரால் அறியப்பட வேண்டும் என்று என்னைக் கேட்டால், இளிவிலிருந்து பிறந்த அழுகை என்பேன்.

அதே தொடரில் இம்ரான் அன்சாரி என்ற இளம் அதிகாரி வருகிறார். தம் சமயத்தைப் பற்றிச் சக காவலர்கள் காதுபடப் பேசும்போது அவர் முகத்தில் எதுவும் தெரிவதில்லை. இஷ்வாக் சிங் அந்த ஒன்றுமில்லாத முகத்தை எவ்வளவு கவனமாகக் கட்டியிருக்கிறார்! உணர்ச்சியை மறைப்பதும் ஒரு பாவம் என்று பரதர் அவகித்தம் என்ற பெயரில் பட்டியலில் சேர்த்திருப்பதை இங்கே நன்றியுடன் ஏற்கிறேன். 2025இல் வந்த இரண்டாம் சீசனில் அன்சாரி கொல்லப்பட்டபோது என் பேரன் தொலைக்காட்சியை அணைத்துவிட்டு மொட்டைமாடிக்குப் போய்விட்டான். வெளியே காட்டாத ஒருவனுக்காக அழுவதுதான் கடினமான அழுகை.

தியாகி என்ற பெயர்கொண்ட கொலைகாரனையும் மறந்துவிடக் கூடாது. வெகுளி பிறக்கும் நான்கு இடங்கள் உறுப்பறை, குடிகோள், அலை, கொலை. குடிகோள் என்றால் குடும்பத்தாருக்கு நேரும் கேடு. தன் வீட்டுப் பெண்களுக்கு நேர்ந்ததற்காகச் சுத்தியலைத் தூக்கிய சிறுவனின் கதை அது. அவ்வளவு குருதி கண்டவன், தெருநாய் ஒன்றிடம் ஒரு வீட்டார் அன்பு காட்டுவதைப் பார்த்துவிட்டுக் கொல்லாமல் திரும்புகிறான் என்பதுதான் மொத்தக் கதையின் முடிச்சு. அந்த இடத்தில் எனக்கு மருட்கையே தோன்றியது. சிறுமையிலிருந்தும் மருட்கை பிறக்கும் என்று தொல்காப்பியர் சொல்லியிருக்கிறார். சிறிய ஒன்றைக் கண்டு வியத்தல் என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டை நான் வகுப்பில் ஒருநாளும் சொன்னதில்லை.

8. தட்டுக்கழி

ஐயா, தாங்கள் சொன்ன இளிவு பற்றிய குறிப்பு எனக்குப் புதிய கதவைத் திறந்தது. மேடையில் நாங்கள் கருணத்தைக் காட்டும்போது பிரிவும் மரணமும்தான் வருகின்றன. வறுமை வருவதே இல்லை. ஒரு சிறு மறுப்பு மட்டும்: ஹாஸ்யத்தில் பரதர் ஆறு படிகள் வகுத்து, பல் தெரியாத ஸ்மிதத்தை உயர்ந்தோருக்கு என்று வைத்தார். 'பஞ்சாயத்' அந்த ஸ்மிதத்தை எடுத்துக் கிராமத்துத் திண்ணையில் வைத்துவிட்டது. சக்கரம் வைத்த ஒரு நாற்காலிக்காக மாப்பிள்ளை வீட்டார் முறுக்கிக்கொள்ளும் எபிசோடில் கூட நாம் யாரையும் பார்த்து எள்ளிச் சிரிப்பதில்லை. தராசை மாற்றாமலே எடைக்கல்லை இடம் மாற்றிவிட்டார்கள்.

9. வெட்டுமேசை

வாடிய பூ பற்றி ஒரு சொல். பிரஹ்லாதின் துயரத்தை மூன்றாம் சீசன் நீட்டியது தேவையான நீட்டல். இறந்த வீட்டுத் துயரம் ஓர் எபிசோடில் முடியாது என்ற உண்மையை அது மதித்தது. ஆனால் நான்காம் சீசனில், ஊராட்சித் தேர்தல் சண்டை முன்னால் வந்த பிறகு, பழைய நால்வரின் கூட்டுக் காட்சிகள் ஏற்கெனவே சுவைத்த சுவையை மறுபடி சூடாக்கித் தருவதாகவே எனக்குத் தோன்றியது. நடிப்பில் குறை இல்லை. ஆனந்தவர்த்தனர் சொன்னபடி, பூவைத்தான் பலமுறை கையில் எடுத்துவிட்டோம்.

இன்னொன்று, தொழில்நுட்பம் சார்ந்தது. அபினவகுப்தர் தடைகளைச் சொல்லும்போது அவற்றைப் போக்கும் வழிகளையும் சொல்கிறார்: பார்வையாளர் தம் சொந்தச் சுகதுக்கங்களில் மூழ்கியிருந்தால் அதைக் கரைக்க இசையும் பாட்டும், இது நம் இடமும் காலமும் அல்ல என்று உணர்த்தப் பூர்வரங்கம் என்ற, நாடகத்துக்கு முந்திய சடங்கும். இன்றைய தொடரில் அந்த வேலையைச் செய்வது தலைப்புப் பாடல். அதன் மேலேயே 'அறிமுகத்தைத் தவிர்' என்ற பொத்தானை வைக்கிறார்கள். அலுவலகக் கோபத்தோடு வந்து உட்கார்ந்தவர் அதே கோபத்தோடு கதைக்குள் நுழைகிறார். நான் தொகுக்கும் தொடர்களில் முதல் காட்சிக்கு முன் ஒரு மூச்சு இடைவெளி, வெறும் ஊர்ச் சத்தம், வைக்கப் பார்க்கிறேன். பாதி நேரம் நீக்கிவிடுகிறார்கள். மீதி நேரம் நிற்கிறது.

10. தென்னங்கீற்று

எல்லோருக்கும் நன்றி. வெட்டுமேசை அவர்களின் பிந்து பற்றிய விளக்கம் என் தொடக்கக் கூற்றைத் திருத்திவிட்டது. அறுத்தல் அனைத்தையும் ஒன்றாகக் கண்டித்தது என் பிழை. ஏட்டுச்சுவடி ஐயா சொன்னதை மனத்தில் வைத்துக்கொண்டு 'பாதாள் லோக்' தொடரை மறுபடி பார்க்கப் போகிறேன்.

நேற்று மாலை, அடுத்தது தானாக ஓடும் வசதியை அமைப்பில் நிறுத்திவிட்டு, அம்மா கேட்டுக்கொண்டதால் அந்தக் கடைசி எபிசோடை மீண்டும் போட்டேன். இந்த முறை தலைப்புப் பாடலையும் தவிர்க்கவில்லை. முடிந்ததும் பெயர்கள் கடைசி வரை ஓடி, திரை கறுத்து நின்றது. விளக்கைப் போடாமல் இருவரும் உட்கார்ந்திருந்தோம். தெருவில் பால்காரரின் மணிச் சத்தம் வந்து போனது. வெகுநேரம் கழித்து அம்மா கேட்டார்: "அந்த மனுசனுக்கு அன்னைக்கு ராத்திரி யாராவது சோறு கொண்டுபோய்க் குடுத்திருப்பாங்களா?"